லெட்டூஸோடு திருப்பதிக்குப் போன கதை

அன்புள்ள சாமு,

இந்த வாரம் மட்டும் நீ மூன்று முறை போனில் கேட்டுவிட்டாய், "நைனா, திருப்பதிக்கு போயி லாவண்யாகிட்ட நீ அப்பிடி இன்னாதான் சொன்ன?" என்று. மூன்று முறையும் சிக்னல் சரியில்லை என்று சொல்லி வைத்துவிட்டேன். சிக்னல் நன்றாகத்தான் இருந்தது. உன் அம்மா பக்கத்தில் நின்றுகொண்டிருந்தாள், அதுதான் சரியில்லை. நான் ஒரு வரி சொல்வதற்குள் அவள் நான்கு திருத்தம் சொல்வாள். இன்று அவள் சர்ச்சில் பெண்கள் கூட்டத்துக்குப் போயிருக்கிறாள். வருவதற்கு எப்படியும் இரண்டு மணி நேரம் ஆகும். அதனால் உட்கார்ந்து எழுதுகிறேன். தள்ளிப்போன உன் கல்யாணம் அடுத்த மாதம் என்று மறுபடி முடிவாகிவிட்டது. பெங்களூரிலிருந்து நீ வந்து இறங்குவதற்கு முன்னால் இதெல்லாம் உனக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

என் வேலை உனக்குத் தெரியும். முப்பத்தொரு வருஷம் மாம்பழக் கூழ் ஃபேக்டரியின் லேபில் ருசி பார்த்தவன். மெஷின் ஒரு நம்பர் சொல்லும், நான் ஸ்பூனில் எடுத்து நாக்கில் வைத்து இன்னொன்று சொல்வேன், மேனேஜர் என்னைத்தான் நம்புவார். அந்த மரியாதை என்னைக் கெடுத்துவிட்டது. என் எதிரில் எதை வைத்தாலும் உடனே தீர்ப்பு சொல்லியாக வேண்டும் என்று ஆகிவிட்டது. அதுவும் நாலு பேர் சிரிக்கிற மாதிரி சொல்ல வேண்டும். நீ ஆறாம் கிளாஸ் படிக்கும்போது கிறிஸ்மஸ் ஆராதனையில் தனியாக ஒரு பாட்டு பாடினாய். பாதியில் குரல் உடைந்தது. வெளியே வந்ததும் எல்லார் முன்னாலும் நான், "தொழுவத்துல ஆட்டுக்குட்டி கத்தறது தத்ரூபமா இருந்துச்சுடா" என்றேன். பாஸ்டர்கூடச் சிரித்தார். அடுத்த வாரம் பாடகர் குழுப் பயிற்சிக்கு நீ போகவில்லை. வயிற்று வலி என்றாய். அதற்கடுத்த வாரமும் வயிற்று வலி. நான் உன்னை டாக்டரிடம் அழைத்துப்போய் பூச்சி மருந்து வாங்கிக் கொடுத்தேன். நீ பேசாமல் குடித்தாய். அந்தப் பூச்சி யார் என்பது எனக்குப் புரிய இத்தனை வருஷம் ஆகியிருக்கிறது.

இப்போது ஜனவரி மாதத்துக்கு வருகிறேன். லாவண்யாவும் அவள் அப்பாவும் முதல் முறையாக நம் வீட்டுக்குச் சாப்பிட வந்த நாள். உன் அம்மா மட்டன் பிரியாணி, கோழி வறுவல், கத்தரிக்காய் எல்லாம் செய்து மேஜையை நிரப்பி வைத்திருந்தாள். லாவண்யா திருப்பதியிலிருந்து ஒரு டப்பாவில் இலைகளைக் கொண்டுவந்து, சமையலறையில் ஒரு மூலையில் நின்று அரை மணி நேரம் என்னவோ செய்தாள். பிறகு பெரிய கண்ணாடிப் பாத்திரத்தில் பச்சைப் பசேல் என்று அதைக் கொண்டுவந்து மேஜை நடுவில் வைத்தாள். மேலே பொன்னிறத்தில் ரொட்டித் துண்டுகள். ஆஸ்பத்திரியில் உணவு ஆலோசகராக இருக்கிற பெண், தனக்குத் தெரிந்ததில் நல்லதை நமக்காகச் செய்திருக்கிறாள். நீ, என் சித்தப்பா வீட்டார், பாஸ்டர், அவள் அப்பா என்று பன்னிரண்டு பேர் உட்கார்ந்திருக்கிறோம். நான் பாத்திரத்தை எட்டிப் பார்த்து, "ஏம்மா, எங்க வூட்ல மாடு கூட இல்லியே, இது யாருக்கு?" என்றேன். வீடே அதிர்ந்தது. எல்லாரையும்விட அதிக நேரம் சிரித்தது நான்தான். அதற்கப்புறம் அந்தப் பாத்திரத்தில் யாரும் கை வைக்கவில்லை. எடுத்துப் போட்டுக்கொண்டால் தானும் மாடாகிவிடுவோம் என்று பயந்திருப்பார்கள். கொஞ்ச நேரம் கழித்து லாவண்யா சிரித்த முகமாகவே அதை எடுத்துக்கொண்டு உள்ளே போனாள். தொட்டி ஓரத்தில் நின்று, அத்தனையையும் அவள் ஒருத்தியே தின்று முடித்ததை உன் அம்மா பார்த்தாள்.

அதற்குப் பிறகு நடந்தது உனக்குத் தெரியும். அவள் சித்தூர்ப் பக்கம் வரமாட்டேன் என்றாள். கல்யாணத் தேதி தள்ளிப்போனது. நீ, "மன்னிப்பு கேளு நைனா" என்றாய். "தெரியாம நடந்துபோச்சு. ஜோக்குக்கெல்லாம் மன்னிப்பு கேட்டுக்கினு இருந்தா நான் டெய்லி கேட்டுக்கினு இருக்கணும்டா" என்றேன். அதையும் ஜோக்காகத்தான் சொன்னேன். நீ போனை வைத்தவன் மூன்று மாதம் எடுக்கவில்லை. எனக்குக் கோபம் முதல் மாதம்தான் இருந்தது. இரண்டாவது மாதம் நீ அம்மாவோடு போனில் பேசும்போது நான் பக்கத்து அறையில் ஃபேனை நிறுத்திவிட்டு உட்கார்ந்து கேட்க ஆரம்பித்தேன். மூன்றாவது மாதம் வெயில் வந்துவிட்டது, அப்போதும் ஃபேனைப் போடவில்லை. ஒருநாள் உன் அம்மா உள்ளே வந்து வேர்வையில் நனைந்திருந்த என்னைப் பார்த்தாள். "போயி மன்னிப்பு கேட்டுட்டு வா" என்றாள். சரி என்றேன். உடனே அவளே, "வேணாம். நீ வாயத் தொறந்தா அதுலயும் ஒரு ஜோக்கு வெப்ப. அவ செஞ்சத நீ உன் கையால செஞ்சு எடுத்துக்கினு போ. வாய மூடிக்கினு குடுத்துட்டு வா" என்றாள்.

இப்படித்தான் அறுபத்துமூன்று வயதில் நான் சாலட் செய்யக் கற்றுக்கொள்ள உட்கார்ந்தேன். போனில் வீடியோ பார்த்து ஒரு தாளில் குறித்துக்கொண்டேன். லெட்டூஸ், வெள்ளரிக்காய், எண்ணெய், எலுமிச்சை, மிளகு, க்ரூட்டான். உன் அம்மா அந்தத் தாளை வாங்கிப் படித்துவிட்டு, வாசலில் கேட்டுக்குப் பக்கத்தில் இருக்கிற குரோட்டன்ஸ் செடியைத் திரும்பிப் பார்த்தாள். "அந்தப் பொண்ணு பச்ச இலைய துன்னுது, சரி. குரோட்டன்ஸ் செடியையுமா துன்னும்?" என்றாள். அது வேறு, இது ரொட்டியை வறுத்து எடுப்பது என்று விளக்கினேன். அவளுக்கு நம்பிக்கை வரவில்லை. நான் வெளியே கிளம்பும்போதெல்லாம் அந்தச் செடியில் இலை குறைந்திருக்கிறதா என்று பார்த்துக்கொண்டாள்.

ரைத்து பஜாரில் கீரை விற்கிற அம்மாவிடம் லெட்டூஸ் கேட்டேன். "அது ஏ ஊரு கீர சார்?" என்று கேட்டுவிட்டு, புளிச்சக்கீரை ஒரு கட்டை என் பையில் போட்டாள். அடுத்த கடையில் முட்டைக்கோஸைக் காட்டி, மேல் தோல் நாலு உரித்தால் லெட்டூஸ்தான் சார் என்று சத்தியம் செய்தார்கள். ஆலிவ் எண்ணெய்க்கு மளிகைக்கடையில் மருந்துக்கடைக்குப் போகச் சொன்னார்கள். மருந்துக்கடைக்காரர் சின்ன பாட்டிலை எடுத்து வைத்துவிட்டு முகமெல்லாம் மலர்ந்து, "மனவடா, மனவராலா சார்?" என்றார். பேரனா பேத்தியா என்று கேட்கிறார். குழந்தைக்கு உடம்பில் தேய்க்கத்தான் அந்த எண்ணெயாம். இன்னும் கல்யாணமே ஆகவில்லை என்றேன். அவர் முகம் ஒரு மாதிரி ஆகிவிட்டது. இப்போது ஊரில் உன்னைப் பற்றி ஏதாவது பேச்சு அடிபட்டால் அதற்குக் காரணம் இந்த எண்ணெய்தான், மன்னித்துக்கொள்.

கடைசியில் திருப்பதிக்கே பஸ் ஏறிப் போய், ஒரு பெரிய கடையில் லெட்டூஸும் சாப்பிடுகிற ஆலிவ் எண்ணெயும் வாங்கிக்கொண்டு திரும்பினேன். ஏப்ரல் வெயில். ஜன்னல் ஓரத்தில் உட்கார்ந்து மடியில் குழந்தை மாதிரி வைத்துக்கொண்டு வந்தேன். பக்கத்தில் இருந்தவர் வழியெல்லாம் பார்த்துக்கொண்டே வந்து, "கோஸு ஏன் சார் இப்பிடி மயங்கிக்கினு கீது?" என்றார். சித்தூரில் இறங்கும்போது அது மயங்கவில்லை, போய்ச் சேர்ந்துவிட்டது. அன்று எனக்கு ஒன்று தெரிந்தது: இலையை ஈரத்துணியில் சுற்றி, மூடி போட்ட டப்பாவில், கடைசி நிமிஷம் வரை எதுவும் சேர்க்காமல் வைக்க வேண்டும். எண்ணெயும் எலுமிச்சையும் பட்டால் அரை மணியில் சரிந்துவிடும். மறுபடி ஒரு முறை போய் அப்படியே சுற்றி வாங்கிவந்தேன்.

ரொட்டிக் கதை தனி. நம் பேக்கரி ரொட்டியில் சர்க்கரை இருக்கிறது. முதல் நாள் அதைத்தான் வறுத்தேன். பழக்கதோஷத்தில் நெய் ஊற்றி, மிளகாய்த்தூளும் கறிவேப்பிலையும் போட்டுவிட்டேன். பிரமாதமாக இருந்தது. நானும் உன் அம்மாவும் டீயோடு உட்கார்ந்து அத்தனையையும் காலி செய்தோம். ஆனால் அது சாலட்டுக்கு ஆகாது. பேக்கரிக்காரரிடம் போய்ச் சர்க்கரை போடாத ரொட்டி வேண்டும் என்றேன். "ஒடம்புக்கு இன்னா சார்?" என்று குரலைத் தாழ்த்திக் கேட்டார். எனக்கென்று ஒரு ரொட்டி தனியாகப் போட்டுக் கொடுத்தார், சர்ச்சில் எனக்காக ஜெபிப்பதாகவும் சொன்னார். அதை இரண்டாம் நாள் வறுத்தேன். தீ அதிகமாகி கருங்கல் ஜல்லி மாதிரி ஆகிவிட்டது. உன் அம்மா ஒன்றைக் கடித்ததில் பல் மேல் போட்ட மூடி கழன்று வந்துவிட்டது. அவள் கோபப்படவில்லை. பல் மூடியை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு, "அந்தப் பொண்ண நெனச்சி பொறுத்துக்கினு கீறேன்" என்று மட்டும் சொன்னாள். மூன்றாம் நாள்தான் சரியாக வந்தது. முந்தின நாள் சுட்ட சர்க்கரை போடாத ரொட்டியைத் தாயக்கட்டை அளவுக்கு வெட்டி, எண்ணெய், நசுக்கிய பூண்டு, உப்பு போட்டுப் பிசிறி, கிறிஸ்மஸுக்குக் கேக் சுடுகிற அந்தப் பழைய வட்ட ஓவனில் மெல்லிய சூட்டில் வைக்க வேண்டும். நடுநடுவே குலுக்க வேண்டும். குலுக்கும்போது கலகலவென்று சத்தம் வந்தால் எடுத்துவிடலாம். லேபில் முப்பத்தொரு வருஷம் இருந்தும் அந்தச் சத்தத்துக்கு வந்த சந்தோஷம் எனக்கு வேறு எதற்கும் வந்ததில்லை.

இலையைக் கழுவியபின் சொட்டு ஈரம் இருந்தாலும் எண்ணெய் ஒட்டாது என்று வீடியோவில் சொன்னார்கள். அதனால் உன் தலையணை உறையில் இலையைப் போட்டு, வாசலில் நின்று தலைக்குமேல் சுழற்றினேன். எதிர்வீட்டு ரெட்டிகாரு பேப்பரைக் கீழே வைத்துவிட்டு என்னையே பார்த்தார். ஆரோக்கியம்தானே என்று உன் அம்மாவிடம் தனியாக விசாரித்திருக்கிறார். அவள், "எங்க பையனுக்குக் கல்யாணம் நின்னுபோச்சு, அதுக்காகத்தான் சுத்தறாரு" என்றாளாம். அவர் அதன்பிறகு என்னைப் பார்த்தால் பக்தியாகக் கும்பிடுகிறார்.

ஒரு சனிக்கிழமை காலை முதல் பஸ்ஸில் கிளம்பினேன். இலை ஒரு டப்பாவில், க்ரூட்டான் பிஸ்கட் டின்னில், எண்ணெயும் எலுமிச்சையும் கலந்தது இருமல் மருந்து பாட்டிலில். நன்றாகக் கழுவிய பாட்டில்தான். லாவண்யா வீட்டில் அவள் இல்லை. ஆஸ்பத்திரியிலிருந்து வர மதியம் இரண்டு மணி ஆகும் என்றார் அவள் அப்பா. என்னைப் பார்த்ததும் ஒரு கணம் கதவிலேயே நின்றார். பிறகு, "ரண்டி, ரண்டி" என்று உள்ளே அழைத்து உட்காரவைத்தார். அவர் ரிட்டயர் ஆன பஸ் கண்டக்டர். மனைவி போனபின் அந்தப் பெண்ணைத் தனியாக வளர்த்தவர். டீ போட்டுக் கொடுத்துவிட்டு, எனக்குப் பேச்சு வராததைப் பார்த்துத் தானே பேச ஆரம்பித்தார். வேலூர் ரூட்டில் ஓடிய காலத்தில் கற்ற தமிழில், பஸ்ஸில் நடந்த சண்டைகளை ஒவ்வொன்றாகச் சொன்னார். சொல்லிக்கொண்டே கை நீட்டிப் பிஸ்கட் டின்னைத் திறந்தார். விருந்தாளி வீட்டுக்குக் கொண்டுவந்த டின், அவர் திறந்ததில் தப்பு இல்லை. "பாகுந்தி சார், பலே கீது" என்று ஒன்று ஒன்றாக வாயில் போட்டார். எனக்கு வாயை மூடிக்கொண்டிருக்கச் சொல்லித்தான் உத்தரவு. மூடிக்கொண்டிருந்தேன். ஒன்றரை மணிக்கு அவர் டின்னைக் கவிழ்த்துத் தூளையும் உள்ளங்கையில் தட்டிப் போட்டுக்கொண்டார்.

எனக்கு முதுகு வேர்த்துவிட்டது. எழுந்து, "வூட்டுல பிரெட்டு கீதா சார்?" என்று கேட்டேன். பசிக்கிறது போல என்று நினைத்து ஓடிப்போய் வாங்கிவந்தார். நான் அவர்கள் சமையலறைக்குள் போய், பூண்டு எங்கே என்று தேடி, ஓவன் இல்லாததால் வாணலியை அடுப்பில் வைத்து ரொட்டியை வெட்டிப் போட்டேன். அந்த நேரத்தில்தான் லாவண்யா வந்தாள். கையில் பையோடு வாசலில் நின்று பார்க்கிறாள். மூன்று மாதமாக யார் முகத்தில் விழிக்கமாட்டேன் என்றாளோ அந்த ஆள், அவள் சமையலறையில், அவள் ஏப்ரனைக் கட்டிக்கொண்டு, கரண்டியோடு நிற்கிறான். எனக்குப் பதறிவிட்டது. உன் அம்மா பயந்த மாதிரியே ஆனது. "மாடு வந்துட்டுதும்மா, வாசல்ல கட்டிடவா?" என்றேன்.

அவள் சிரிக்கவில்லை. என் வாழ்க்கையில் அவ்வளவு நேரம் யாரும் சிரிக்காமல் இருந்ததில்லை. வாணலியிலிருந்து கருகல் வாசனை வந்தது. அவள்தான் வந்து அடுப்பை அணைத்தாள். அப்புறம் நான் கரண்டியைக் கீழே வைத்தேன். "தப்பு பண்ணிட்டேம்மா. அன்னிக்கு நீ அந்த பாத்திரத்த எடுத்துக்கினு உள்ள போனப்போ உன் மொகத்த பாத்தேன். பாத்துட்டும் சிரிச்சிக்கினுதான் இருந்தேன். நிறுத்தத் தெரியல" என்றேன். இதை நான் உன் அம்மாவிடம்கூடச் சொன்னதில்லை. உன்னிடம் இப்போதுதான் சொல்கிறேன். தெரியாமல் நடந்துவிட்டது என்று உன்னிடம் சொன்னது பொய்.

லாவண்யா கையிலிருந்த பையை இறக்கி வைத்தாள். பிறகு வேலூரில் படித்தபோது பழகிய அந்தத் தமிழில், "என்னைச் சொன்னது பரவால்ல அங்கிள். எங்க நான்னா அன்னிக்கு விடியறதுக்கு முன்னாடியே எழுந்துபோய் அந்த இலைய வாங்கிட்டு வந்தாரு. ரயில்ல மடியில வெச்சுக்கிட்டு வந்தாரு. திரும்பி வரப்போ பாகாலா ஸ்டேஷன் வரைக்கும் ஒரு வார்த்தை பேசல" என்றாள். மடியில் இலையை வைத்துக்கொண்டு அந்த வெயிலில் நானும் வந்தவன்தானே, எனக்கு அது எங்கே பட வேண்டுமோ அங்கே பட்டது. கூடத்துக்குப் போய் அவள் அப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, மன்னித்துக்கொள்ளுங்கள் என்று தெலுங்கில் சொன்னேன். அவர் கூச்சத்தோடு மகளை ஒரு பார்வை பார்த்துவிட்டு, குரலைத் தாழ்த்தி, "சார், நெஜம் சொல்றேன். அத மொதல் தடவ பாத்தப்ப நானும் மனசுல அதேதான் அனுகுன்னேன், மாடு துன்றதுன்னு. ஆனா பெத்த பொண்ணு, எப்பிடி சொல்றது? நீங்க சொன்னதும் எனுக்கு சிரிப்பு வந்துடிச்சி. அத அடக்கிக்கினுதான் பாகாலா வரைக்கும் பேசல!" என்றார். லாவண்யா, "நான்னா!" என்று கத்தினாள். பிறகு அவளுக்கே சிரிப்பு வந்துவிட்டது. அவர் சொன்னது நிஜமா, என்னைக் காப்பாற்றச் சொன்னதா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. தெரிந்துகொள்ளவும் போவதில்லை.

கருகாத துண்டுகளைப் பொறுக்கி எடுத்து மூன்று பேரும் சேர்ந்து சாலட்டைக் கலந்தோம். அவள் ஒரு இலையை எடுத்து வாயில் போட்டு, "லெமன் ஜாஸ்தி அங்கிள்" என்றாள். எண்ணெய் மூன்று பங்கு, எலுமிச்சை ஒரு பங்கு என்று மருந்து பாட்டிலின் மூடியால் அளந்து கலந்தவன் நான். என் நாக்கைப் பார்த்து ஃபேக்டரியே நடுங்கியிருக்கிறது. பதில் தொண்டை வரை வந்துவிட்டது. "ஆமாம்மா, ஜாஸ்திதான்" என்றேன். சாமு, அன்று நான் செய்ததிலேயே கஷ்டமான காரியம் அதுதான். கல்யாணத்துக்குப் பிறகு உனக்கும் இது அடிக்கடி நேரும். செய்து பழகு.

இனிமேல்தான் உனக்கான சேதி. கிளம்பும்போது லாவண்யா பஸ் ஸ்டாண்டு வரை ஸ்கூட்டரில் கொண்டுவந்து விட்டாள். பஸ் வரும்வரை நின்றாள். சாமு என் மேல் எவ்வளவு கோபமாக இருந்தான் தெரியுமா, உனக்காக என்னோடு மூன்று மாதம் பேசவே இல்லை என்று நான் உன்னைப் பற்றிப் பெருமையாகச் சொன்னேன். அவள் கொஞ்சம் யோசித்துவிட்டு, "அன்னிக்கு அவரும் சிரிச்சாரு அங்கிள்" என்றாள். எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. "கையை வாய் மேல வெச்சுக்கிட்டு, கொஞ்சமாதான். எனக்கு நேர் எதிர்லதான உக்காந்திருந்தாரு. நீங்க வந்துட்டீங்க. அவரு இன்னும் வரல" என்றாள். இதைச் சொல்லாதே என்று அவள் என்னிடம் சொல்லவில்லை. சொல்லுவாளா என்று பஸ் நகரும்வரை நான் கவனமாகக் காத்திருந்தேன். நீ போனில் கேட்டபோது அவளே உன்னை, "உங்க நைனாவ கேளுங்க" என்று அனுப்பியிருக்கிறாள். அதனால் சொல்லிவிட்டேன்.

உன்னைத் திட்டுவதற்காக எழுதவில்லை. அந்தச் சிரிப்பு உனக்கு எங்கிருந்து வந்தது என்று தெரியாதவனா நான்? என் மேல் கோபப்பட்டது உனக்குச் சுலபமாக இருந்திருக்கும், எனக்கும் உன் மேல் கோபப்பட்டது சுலபமாகத்தான் இருந்தது. இலையை எப்படிச் சுற்ற வேண்டும், ரொட்டியை எந்தச் சூட்டில் வைக்க வேண்டும் என்பதெல்லாம் மேலே எழுதியிருக்கிறேன், இன்னொரு முறை படித்துக்கொள். வருகிற ஞாயிற்றுக்கிழமை அவளுக்கு லீவு. பெங்களூரிலிருந்து விடிகாலை பஸ் இருக்கிறது. ஆராதனைக்கு வரவில்லையே என்று கவலைப்படாதே, பாஸ்டரிடம் நான் பேசிக்கொள்கிறேன். நீ நேராகத் திருப்பதிக்குப் போ.

உன் அன்புள்ள
நைனா